பாவுவின் முகமும் பக்கத்துக் கட்டிலின் மனிதனும்

சென்ற மழைக்காலத்தில் பல நாட்கள், இரவு பத்து மணிக்கு மேல், புனேயின் கட்கியில் நாங்கள் குடியிருக்கும் வீட்டின் கூடத்தில் ஒரு யுத்தம் நடந்துகொண்டிருந்தது. நடத்தியவன் என் அண்ணன் மகன். பொறியியல் கல்லூரியில் இரண்டாம் வருஷம் படிக்கிறவன். டி.வி. திரையில் சைப்ரஸ் தீவின் மருத்துவமனை ஒன்று. ஒன்பது வருஷ மயக்கத்திலிருந்து அப்போதுதான் கண் விழித்த ஒரு போர்வீரன், இடது கையை இழந்து, தலையில் கொம்பு போல ஒரு துண்டு ஏறி நிற்க, தரையில் தவழ்ந்து போகிறான். கொல்ல வந்த கூட்டம் ஒவ்வொரு வார்டாகச் சுட்டுக்கொண்டு வருகிறது. அவனுக்கு வழிகாட்டிச் செல்கிறவன் பக்கத்துக் கட்டிலில் கிடந்த இன்னொரு நோயாளி. முகம் முழுவதும் பேண்டேஜ். தன் பெயர் இஷ்மாயில் என்கிறான். அதற்கு மேல் அவனைப் பற்றி ஒன்றும் தெரிவதில்லை.

"யாருடா இவன்?" என்று கேட்டேன்.

"அதைத்தான் கண்டுபிடிக்கணும், சித்தப்பா. நீங்க போன்ல தேடிப் பார்த்துச் சொல்லிடாதீங்க" என்றான் கையெடுத்துக் கும்பிடாத குறையாக.

ஜப்பானியரான ஹிடியோ கோஜிமா உருவாக்கி, கொனாமி நிறுவனம் 2015 செப்டம்பர் 1-ஆம் தேதி வெளியிட்ட 'மெட்டல் கியர் சாலிட் 5: தி ஃபாண்டம் பெயின்' என்ற ராணுவ விளையாட்டு அது. பத்து வருஷத்துக்கு முந்திய சங்கதி. விடை ஒரு நிமிஷத்தில் கைக்கு வந்துவிடும். அப்படியிருந்தும் அதைத் தெரிந்துகொள்ளாமல் இருப்பதற்கு அந்தப் பையன் பட்ட பாட்டைப் பார்த்தபோது, முகம் தெரியாத போர்வீரன் ஒருவன் யார் என்ற கேள்வி இந்தப் புனே நகரத்துக்குப் புதிதல்லவே, இதே கேள்வியை வைத்துக்கொண்டு ஓர் அரசாங்கமே பதினைந்து வருஷம் தவித்ததல்லவா என்ற நினைவு எனக்கு வந்தது.

1761 ஜனவரி 14-ஆம் தேதி பானிபட்டில் மராத்தியப் படை அழிந்தது. படைத்தலைவர் சதாசிவராவ் பாவு, மராத்திய ராஜ்யத்தை நடத்திய பேஷ்வா நானாசாகேபின் பெரியப்பா சித்தப்பா மக்கள் முறையில் சகோதரர். பேஷ்வாவின் மூத்த மகன் விசுவாசராவ் குண்டடிபட்டு விழுந்ததைக் கண்ட பாவு யானையிலிருந்து இறங்கிக் குதிரையேறிப் போர்க்களத்தின் நடுவே புகுந்தார் என்பது வரைக்கும் சாட்சிகள் உண்டு. அதற்குப் பிறகு அவர் கதி நிச்சயமாகத் தெரியவில்லை. எதிர்த்தரப்பில் இருந்த அயோத்தி நவாப் சுஜா உத்தௌலாவிடம் உத்தியோகம் பார்த்த காசிராஜ் என்ற தக்கணத்துப் பிராமணர், தாம் அந்த உடலைத் தேடிப்போன கதையை எழுதி வைத்திருக்கிறார். பிணக் குவியலில் தலையில்லாத ஒரு முண்டம் கிடைத்தது. அதனடியில் விலையுயர்ந்த முத்துக்கள் சில கிடந்தன. தொடையில் ஒரு ரூபாய் அளவு கறுப்பு மச்சம். முதுகில், முன்னொரு சமயம் முஸபர்கான் என்பவன் கட்டாரியால் குத்திய தழும்பு. பாதத்தில் சோதிடர்கள் பாக்கியத்துக்கு அடையாளமாகச் சொல்லும் ரேகை. இந்த மூன்றையும் வைத்துக்கொண்டு, பாவுவை முன்பு அறிந்தவர்கள், இது அவர்தான் என்று கண்ணீரோடு சொன்னார்களாம்.

துப்பறியும் சாஸ்திரத்தின்படி பார்த்தால் விஷயம் அத்துடன் முடிந்திருக்க வேண்டும். ஆனால் புனேயில் முடியவில்லை. இரண்டு முத்துக்கள் கரைந்தன என்று பரிபாஷையில் எழுதிய வியாபாரி ஒருவரின் கடிதம் நானாசாகேபுக்குக் கிடைத்தது. அந்தத் துக்கத்திலிருந்து மீளாமலேயே அவர் அதே வருஷம் ஜூன் மாதம் பார்வதிக் குன்றின் மேல் உயிர் விட்டார். பாவுவின் மனைவி பார்வதிபாயோ, பானிபட் வரை கணவரோடு போய் உயிர் தப்பித் திரும்பி வந்தவர், அவர் இறந்ததைக் கடைசி வரை ஒப்புக்கொள்ளாமல் சுமங்கலியாகவே வாழ்ந்தார். மகாராஷ்டிரத்தில் அந்தப் போரில் ஒருவரையேனும் பறிகொடுக்காத வீடு இல்லை என்பார்கள். கண்ணால் பாராத இடத்தில் நம்பிக்கை முளைப்பதற்கு அதைவிட நல்ல மண் எது?

சில வருஷங்களில் பாவு வந்தார்! அல்லது, தானே பாவு என்று சொல்லிக்கொண்டு ஒருவன் வந்தான். பேஷ்வா சர்க்கார் அவனைப் பிடித்து, விசாரித்து, சுக்நிதான் என்ற கனோஜியப் பிராமணன் என்று முடிவு கட்டிச் சிறையில் வைத்தது. 1776-இல் ரத்தினகிரியில் கோட்டை அதிகாரியின் தயவால் வெளியே வந்தபோது, கொங்கணத்தில் அவன் பின்னால் பெரும்படையே திரண்டது. கோட்டைகள் பல அவனுக்குக் கதவு திறந்தன. பின்பு தோற்றோடி, கடற்படைத் தலைவர் ஆங்கிரே கையில் அகப்பட்டு, புனேக்குக் கொண்டுவரப்பட்டு, அந்த வருஷ முடிவுக்குள் மரண தண்டனை பெற்றான். ஆள்மாறாட்டக்காரனுக்கு மராத்தியில் தோத்தயா என்று பெயர். அந்தப் பெயரே இவனுக்கு நிலைத்துவிட்டது. திலகரின் நண்பர் ந.சி. கேள்கர் 'தோத்தயாசே பண்ட்' என்று இதை நாடகமாகவே எழுதினார்.

இந்தக் கதையில் எனக்கு மிகவும் ருசிப்பது ஒரு சிறு விஷயம். 1776-இல் குழந்தைப் பேஷ்வாவின் பெயரால் ராஜ்யத்தை நடத்திக்கொண்டிருந்த நானா பட்னவிஸ், பதினெட்டு வயதுப் பிள்ளையாகத் தாயோடும் மனைவியோடும் பாவுவின் பாசறையில் இருந்தவர். பானிபட்டிலிருந்து மாற்றுடையில் ஓடி உயிர் தப்பியவர். ஆகையால் பாவுவின் முகத்தை அருகிலிருந்து பார்த்த கண்கள் அவை. ஆனால் பாவு உயிரோடு திரும்பினால் அதிகாரத்தை இழக்கப் போகிறவரும் அவரேயல்லவா? வந்தவன் பாவு அல்ல என்று அவர் சொன்னது உண்மை என்பதில் சரித்திரக்காரர்களுக்குச் சந்தேகம் இல்லை. ஆயினும் கொங்கணத்து ஜனங்கள் அவருடைய சாட்சியத்தைக் காட்டிலும் தங்கள் ஆசையையே நம்பினார்கள். மச்சமும் தழும்பும் ரேகையும் கூடி ஒருவனை அடையாளம் காட்டிவிடலாம்; ஆனால் அவன் யாராக இருக்க வேண்டும் என்பதை, அவனுக்காகக் காத்திருக்கிறவர்களின் தேவைதான் தீர்மானிக்கிறது. அந்தத் தேவையைப் புரிந்துகொள்ளாதவன் மர்மத்தை அவிழ்த்தவன் ஆகமாட்டான் என்பது என் அபிப்பிராயம்.

கோஜிமாவின் விளையாட்டும், எனக்குத் தெரிந்தவரை, இதைத்தான் சொல்கிறது. (விடையை அறிய விரும்பாதவர்கள் இந்தப் பத்தியைத் தாண்டிப் போகலாம்.) பேண்டேஜ் சுற்றிய இஷ்மாயில்தான் பிக் பாஸ் என்று உலகம் அஞ்சும் மாவீரன். ஆட்டம் முழுவதும் நாம் பிக் பாஸ் என்று எண்ணி நடத்திச் செல்கிறவனோ, 1975-இல் ஹெலிகாப்டரில் குண்டு வெடித்தபோது தலைவனைத் தன் உடலால் மறைத்த ஒரு மருத்துவச் சிப்பாய். பகைவர்களைத் திசைதிருப்ப இன்னொரு பிக் பாஸ் தேவைப்பட்டதால், மயக்கத்தில் கிடந்த அவனுடைய முகத்தையும் நினைவையும் மாற்றி, தானே பிக் பாஸ் என்று அவனையே நம்பும்படி செய்துவிட்டார்கள். தொடக்கத்தில் விளையாடுகிறவனிடம் ஒரு முகத்தை வரைந்துகொள்ளச் சொல்லி, பெயரும் பிறந்த தேதியும் கேட்டு வாங்கிவிட்டு, அதை மறக்கடித்து, கடைசியில் அந்த முகத்தையே திரும்பக் கொண்டுவந்து நிறுத்துகிறார் கோஜிமா. 'அவன் யார்?' என்று நாற்பது ஐம்பது மணி நேரம் கேட்டவனுக்கு, 'நீ யார்?' என்பதே பதிலாகக் கிடைக்கிறது.

இத்தகைய பதிலைக் கோப்புகளைக் கிளறிப் பெற முடியுமா? விளையாட்டு வெளிவந்தவுடன், சில சமயம் வருவதற்கு முன்பே, அதன் உள்ளே கிடக்கும் படங்களையும் குரல் பதிவுகளையும் உருவியெடுத்து, முகமூடிக்குள் இருப்பவன் இன்னான் என்று ஊருக்கெல்லாம் அறிவித்துவிடுகிற கெட்டிக்காரர்கள் இன்று எத்தனையோ பேர். அவர்களுடைய சாமர்த்தியத்தை நான் குறைத்துப் பேசவில்லை. ஆனால் அது காசிராஜின் வேலை. மச்சத்தையும் தழும்பையும் பார்த்துச் சொல்கிற வேலை. அதே சமயம், கோஜிமாவே விரும்பி விரித்த புதிர்களை அவிழ்ப்பது வேறு வகையைச் சேர்ந்தது. 2013 மார்ச் மாதம், முகம் முழுவதும் பேண்டேஜ் சுற்றிய ஜோக்கிம் மோக்ரன் என்ற ஒருவர் புது நிறுவனத்தின் தலைவர் என்று சொல்லிக்கொண்டு பேட்டி கொடுத்தார். ஜோக்கிம் என்ற பெயரின் ஆங்கில எழுத்துக்களை மாற்றி அடுக்கினால் கோஜிமா என்று வருவதை ரசிகர்கள் கண்டுபிடித்துக் கைகொட்டினார்கள். அது ஆசிரியனும் வாசகனும் சேர்ந்து ஆடுகிற ஆட்டம்.

நமக்கு இந்த ஆட்டம் தெரியாததா? 1944-லிருந்து வாரம் தவறாமல் 'சிவகாமியின் சபதம்' தொடர்கதையைப் படித்தவர்கள், நாகநந்தி என்ற பிக்ஷுவின் முகம் வாதாபிச் சக்கரவர்த்தி புலிகேசியின் முகத்தை ஏன் ஒத்திருக்கிறது என்று மாதக்கணக்கில் திண்ணைகளில் தர்க்கம் செய்தார்கள். வஜ்ரபாகு என்று வந்தவர் மகேந்திர பல்லவர் என்பதைச் சமர்த்தான வாசகர்கள் முன்னாலேயே ஊகித்துவிட்டார்கள். ஊகித்ததனால் ரசம் கெடவில்லை, கூடவே செய்தது. குறிப்புக்களை நேர்மையாக வழியெல்லாம் தூவிவைத்த ஆசிரியர் வேஷத்தைக் கலைக்கும்போது, வாசகனுக்கு ஏமாந்தோம் என்று தோன்றுவதில்லை. முன்னமே தெரிந்திருந்தும் பார்க்கத் தவறினோமே என்றுதான் தோன்றுகிறது.

இவ்வளவும் சொல்ல நேர்ந்ததற்குக் காரணம், விளையாட்டு உருவாக்கும் தொழில் இப்போது புனேயிலேயே வேரூன்றியிருப்பதுதான். பெயரிலேயே முகமூடியை வைத்துக்கொண்ட 'மாஸ்க்கன்' என்ற துப்பாக்கிச் சண்டை விளையாட்டை உருவாக்கிய சூப்பர்கேமிங் நிறுவனம் இந்த ஊர்க்காரர்களுடையது. 2024 அக்டோபரில் அவர்கள் வெளியிட்ட 'இண்டஸ்', பாரத தேசத்துக் கற்பனையில் ஓர் எதிர்காலத்தைப் படைத்து, விர்லோக் என்ற இடத்தில் காஸ்மியம் என்ற அரிய பொருளுக்காக வீரர்களை மோதவிடுகிறது. உடையிலும் கட்டடங்களிலும் நம் நாட்டுச் சாயலைக் கொண்டுவந்த அந்த முயற்சியைப் பாராட்டவே வேண்டும். ஆனால் மொபைலில் இலவசமாகக் கிடைத்து, சில நிமிஷங்களில் ஒரு சுற்று முடிந்துவிடுகிற இந்த வகை ஆட்டங்கள் எல்லாவற்றிலும், எந்தத் தேசத்தில் செய்தாலும், முகமூடி என்பது 'ஸ்கின்' என்ற கடைச் சரக்கு. இன்று ஒன்று வாங்கலாம், நாளைக்கு வேறொன்று. உள்ளே யார் என்று கேட்பாரில்லை, ஏனெனில் உள்ளே யாரும் இல்லை. தொழில் நிலைக்க அது வேண்டியிருக்கலாம். அதுவே தொழிலின் எல்லையாகிவிட வேண்டியதில்லை.

பேஷ்வாக்களின் அரண்மனையான சனிவார் வாடாவுக்கு ஒரு ரிக்ஷா சவாரி தூரத்தில் உட்கார்ந்து வேலை செய்கிற இளைஞர்கள், தோத்தயாவின் கதையைக் கையில் எடுத்தால் என்ன? ஆடுகிறவனை நானா பட்னவிஸின் விசாரணைக்காரனாக வைக்கலாம். ரத்தினகிரிக் கோட்டையின் காவலனாக வைத்து, கதவைத் திறப்பதா வேண்டாமா என்று அவனையே தீர்மானிக்கச் சொல்லலாம். அல்லது பானிபட்டுக்குப் போன மகன் வருவான் என்று வாசலில் நிற்கிற ஒரு கொங்கணத்துத் தகப்பனாக வைக்கலாம். சரித்திரம் இங்கே எளிதில் புண்படுகிற விஷயம், யாரேனும் கொடி பிடித்துக்கொண்டு வருவார்கள் என்று நண்பர்கள் சொல்வார்கள். உண்மைதான். ஆனால் தோத்தயாவின் கதை யாரையும் இழிவுபடுத்துவதில்லை. தோற்றுப்போன ஒரு தலைவனை ஜனங்கள் எவ்வளவு நேசித்தார்கள் என்பதற்கு அதைவிடப் பெரிய சாட்சி பானிபட்டைப் பற்றிய கதைகளில் எனக்குத் தெரிந்து இல்லை.

ஆவணி மாதத்து ஒரு விடியற்காலையில் எங்கள் வீட்டு யுத்தம் முடிந்தது. நான் பால் பாக்கெட்டை எடுக்க எழுந்து வந்தபோது, பையன் கன்ட்ரோலரை மடியில் போட்டுக்கொண்டு, அணைத்துவிட்ட திரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தான். கறுத்துக் கிடந்த கண்ணாடியில் அவனுடைய முகம்தான் மங்கலாகத் தெரிந்தது. காபி குடிக்கும்போது அவனுக்குத் தோத்தயாவின் கதையைச் சொன்னேன். முழுவதும் கேட்டுவிட்டு, டம்ளரைக் கீழே வைக்காமலே அவன் ஒன்று கேட்டான்:

"அத்தனை பேரு அவனைப் பாவு பாவுன்னு கூப்பிட்டாங்களே, சித்தப்பா. கடைசி நாள்ல அவனுக்கே தான் யாருன்னு நிச்சயமாத் தெரிஞ்சிருக்குமா?"

சரித்திரப் புஸ்தகங்களில் அதற்குப் பதில் இல்லை. யாராவது புனேயில் உட்கார்ந்து ஒரு விளையாட்டாகச் செய்தால் ஒருவேளை கிடைக்கும் என்றேன்.