கட்டு திரும்பினால் கேஸ் தோற்றதா?

“கோர்ட் திருப்பிக் கொடுத்த அப்பீலைச் சரிசெய்யாமல் விட்டான், தள்ளுபடி ஆச்சு. அக்கறை இருந்தால் ஓடி வந்திருக்க மாட்டானா?” கோர்ட் வராந்தாவில் கேட்டுக் கேட்டுப் புளித்த பேச்சு. சட்டம் படித்தவர்களும் இதையே சொல்வதுதான் எரிச்சல்.

எங்கிருந்து ஓடி வருவது? கொல்லிமலையில் நில வழக்கு நடத்துகிறவர் 70 கொண்டை ஊசி வளைவுகள் இறங்கிக் காரவள்ளிக்கு வந்து, சேந்தமங்கலம் தாண்டி நாமக்கல் போக வேண்டும். இரண்டாம் அப்பீல் என்றால் சென்னை உயர் நீதிமன்றம். அங்கே செக்‌ஷனில் அப்பீல் கட்டைப் புரட்டுகிறார்கள். தீர்ப்பின் சான்றிட்ட நகல் இல்லை, கோர்ட் கட்டணம் குறைவு, வக்காலத்தில் ஒரு கையெழுத்து விட்டுப்போயிருக்கிறது. குறைகளை எழுதி, இத்தனை நாளுக்குள் சரிசெய்க என்று ரிட்டர்ன் போடுகிறார்கள். கட்டு வக்கீலுக்குத்தான் திரும்புகிறது. அப்பீல்தாரருக்கு ஒரு தபால் கார்டுகூடப் போவதில்லை. அப்பீல் நம்பர் விழாமல், எஸ்.ஆர். என்ற தற்காலிக நம்பரோடு குமாஸ்தாவின் அலமாரியில் தூசி படிகிறது. மலையில் மிளகு பறித்துக்கொண்டிருப்பவருக்குக் கிடைத்திருக்கும் தகவல், “கேஸ் நடக்குது” என்பது மட்டுமே. இதில் அவருடைய அக்கறையின்மை எங்கே வந்தது?

இப்படிக் குறை தீர்க்காமலோ, ஆஜராகாமலோ தள்ளுபடியான அப்பீலைத் தோற்ற கேஸ் என்பதும் தப்பு. அப்பீல்தாரர் ஆஜராகாவிட்டால் தள்ளுபடி செய்யலாம், ஆனால் வழக்கின் தகுதியைப் பார்த்துத் தள்ளக்கூடாது என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் (சி.பி.சி.) ஆர்டர் 41, ரூல் 17-இன் விளக்கமே சொல்கிறது. ஆஜராகாமல் தள்ளியதை மறுபடி கோப்பில் ஏற்ற ரூல் 19 இருக்கிறது. அதற்கான 30 நாள் கெடுவோ தள்ளுபடியான தேதியிலிருந்து ஓடுகிறது. மனிதருக்குத் தெரிய வந்த தேதியிலிருந்து அல்ல. தாமத மன்னிப்பு மனு இல்லாமல் மலைக்காரர் கோர்ட் படியேறவே முடியாது.

உச்ச நீதிமன்றம் இதை எப்போதோ பேசி முடித்துவிட்டது. 1981-இல் ரஃபீக் வழக்கில், வக்கீல் வராததால் தள்ளுபடியான அப்பீலை மீட்டுக் கொடுத்து, செலவுத்தொகை 200 ரூபாயை அந்த வக்கீலிடமே வசூலிக்கச் சொன்னது. 1998-இல் நம் ஊர் பாலகிருஷ்ணன் வழக்கில் 883 நாள் தாமதத்தை மன்னித்தது. 2005-இல் உதய் சங்கர் திரியார் வழக்கில், வக்காலத்து போன்ற குறைகளைத் திருத்த வாய்ப்புத் தராமல் அப்பீலை நிராகரிக்கக்கூடாது என்றது.

கண்டிப்பு தளர்ந்தால் கேஸ் தேங்கும் என்பார்கள். தள்ளிய அப்பீல் தாமத மனு, மீட்பு மனு, அவற்றுக்கு எதிர்மனு என்று மூன்று கட்டாகத் திரும்பி வருவது தேக்கம் இல்லையோ? ஜெயித்த எதிர்க்கட்சிக்கு அலைச்சல் உண்டுதான். அதற்குச் செலவுத்தொகை போடலாம்.

கொல்லிமலை மலையாளிகள் பழங்குடியினர். 1987-ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12-ஆம் பிரிவுப்படி, வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச வக்கீல் கேட்க அவர்களுக்கு உரிமை உண்டு. அந்த வக்கீலுக்குத் திரும்பும் கட்டைப் பற்றியும் கட்சிக்காரருக்கு யாராவது சொல்ல வேண்டுமே. ரிட்டர்ன் போடும் அன்றே அப்பீல்தாரரின் செல்போனுக்கு, என்ன குறை, என்ன கெடு என்று தமிழில் இரண்டு வரி போகட்டும். அதற்கப்புறமும் அவர் வரவில்லை என்றால் அக்கறையைப் பற்றிப் பேசுங்கள்.