காதில் நிற்பது இரண்டு விநாடி

"சிவப்பு விளக்கு எரியும்போது இயந்திரத்தின் இடப்பக்கக் கதவைத் திறந்து உள்ளே கையை விட..." இந்த வாக்கியம் 'வேண்டும்' என்று முடியுமா, 'கூடாது' என்று முடியுமா? தமிழில் கடைசிச் சொல் வரும்வரை தெரியாது. அதுவரை முன்னே வந்த சொற்களை மனம் தாங்கி நிற்க வேண்டும்.

அப்படித் தாங்கும் ஆற்றல் மிகச் சிறியது. 1974-ல் ஆலன் பேட்லி, கிரஹாம் ஹிட்ச் என்னும் பிரிட்டிஷ் உளவியல் அறிஞர்கள் 'செயல் நினைவு' என்ற கொள்கையை வெளியிட்டார்கள். கேட்ட ஒலியைச் சற்று நேரம் பிடித்து வைக்கும் 'ஒலி நினைவு' அதன் ஒரு பகுதி. மனத்துக்குள் திரும்பத் திரும்பச் சொன்னால்தான் ஒலி நிற்கும். 1975-ல் பேட்லி குழுவினர் நடத்திய சோதனைகளில், ஏறக்குறைய இரண்டு விநாடியில் சொல்லி முடிக்கக்கூடிய அளவு சொற்களே வரிசை மாறாமல் நினைவில் நின்றன.

நீங்களே சோதித்துப் பாருங்கள். 'கல், நெல், பல், வில், புல், சொல்' என்று ஒருமுறை படித்து, நண்பரை வரிசையாகத் திருப்பிச் சொல்லச் சொல்லுங்கள். அடுத்து, 'மண், பூ, தேர், கை, நாய், மீன்'. ஒலி ஒத்த முதல் வரிசையில்தான் பொதுவாகத் தடுமாற்றம் அதிகம். மனம் பிடித்திருப்பது ஒலியை என்பதற்கு இது சான்று.

பழகிய மொழியென்றால் நெடுநாள் நினைவும் கைகொடுக்கும். பழகாத மொழியிலோ ஒலி நினைவையே நம்ப வேண்டும். மூளைப் பாதிப்பால் அது குன்றிய ஓர் இத்தாலியப் பெண்ணைப் பற்றிய ஆய்வு 1988-ல் வெளிவந்தது. தாய்மொழிச் சொற்களை இணை இணையாக மனப்பாடம் செய்ய அவரால் முடிந்தது. காதால் கேட்ட ரஷ்யச் சொற்களைக் கற்க முடியவில்லை.

இனி இருங்காட்டுக்கோட்டைக்கு வருவோம். 1998 முதல் கார்கள் உருவாகும் ஊர் அது. அங்கிருந்து ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் வரை பரவிய தொழிற்பகுதியில் தமிழரோடு ஒடிசா, பீகார் மாநிலத்தவரும் உழைக்கிறார்கள். இயந்திர இரைச்சலில், பழகாத மொழியில், நீண்ட எச்சரிக்கையைச் சொல்லிவிட்டு, "சொன்னோமே, கவனிக்கவில்லையே" என்று ஒரு தொழிலாளியைக் குறை கூறுவது நியாயமா? தவறினால் போவது அவருடைய விரல் அல்லவா?

எச்சரிக்கை கேட்பவரின் மொழியில் இருக்க வேண்டும். "கையை விடாதீர்கள்! சிவப்பு விளக்கு எரிகிறது" என்று முக்கியமானது முன்னே வர வேண்டும். கேட்டவர் அதைத் திருப்பிச் சொல்லிக் காட்ட வேண்டும். செலவில்லாத பாதுகாப்பு இது.

வகுப்பிலும் இதையே கடைப்பிடியுங்கள். புதிய ஆங்கிலச் சொல்லைத் திருப்பிச் சொல்லத் தடுமாறும் தோழனைப் பார்த்துச் சிரிக்காதீர்கள். சொல்லைத் துண்டு துண்டாகப் பிரித்து, அவனோடு சேர்ந்து நாலைந்து முறை வாய்விட்டுச் சொல்லுங்கள். நாளை உங்களில் சிலர் அந்தத் தொழிற்சாலைகளில் பொறியாளர் ஆகலாம். இந்தப் பழக்கம் அங்கும் உதவும்.