லெமன் பாருக்கு மைதா எதுக்கு?

டிசம்பர் பாதி தாண்டினா நம்ம வட்டாரத்துல பேக்கிங் சீசன் ஆரம்பிச்சிடும். செமஸ்டர் முடிச்சு வீட்டுக்குப் போய் ஓவனைத் துடைக்கிறவங்க, கிறிஸ்துமஸ், நியூ இயருக்கு ஆர்டர் எடுத்து கைச்செலவுக்குச் சம்பாதிக்கிறவங்கன்னு ஒவ்வொரு கிளாஸ்லயும் ரெண்டு பேராவது இருக்காங்க. பிரவுனிக்கு அடுத்தபடியா இப்போ நிறைய பேர் செய்யறது லெமன் பார். கீழே வெண்ணெய் பிஸ்கட் மாதிரி ஒரு அடுக்கு. மேலே எலுமிச்சைச் சாறு, முட்டை, சர்க்கரை சேர்ந்து இறுகின மஞ்சள் அடுக்கு. அதுக்கு மேல பொடிச்ச சர்க்கரை தூவி, சதுரமா வெட்டின துண்டு.

என் கருத்து இதுதான்: அந்தக் கீழ் அடுக்குக்கு மைதாவை விட்டுட்டு ஜவ்வாது மலைச் சாமையைப் போடணும். உடம்புக்கு நல்லதுன்னு சொல்லி விற்க வரலை. அரைப் பாக்கெட் வெண்ணெயும் கால் கிலோ சர்க்கரையும் போற பண்டத்தை ஆரோக்கிய உணவுன்னு சொன்னா நம்ம பாட்டியே சிரிப்பாங்க. சாமை போட்டா அடுக்கு நல்லா வரும். அதுதான் முதல் காரணம்.

கொஞ்சம் மெட்டீரியல் சயின்ஸ் பேசுவோம். மைதாவில் தண்ணி பட்டுப் பிசைஞ்சா குளூட்டன் வலை உருவாகும். பரோட்டா இழுபடறதும் பிரெட் உப்பறதும் அதாலதான். ஆனா லெமன் பாரோட கீழ் அடுக்கு இழுபடவே கூடாது, வாயில வச்சதும் உதிரணும். அதனாலதான் வெண்ணெய் குளிர்ச்சியா இருக்கட்டும், அதிகம் பிசையாதீங்க, தண்ணி சேர்க்காதீங்கன்னு எல்லாக் குறிப்புலயும் எழுதியிருக்கும். அத்தனையும் குளூட்டன் உருவாகாம தடுக்கிற வேலை. சாமையில் குளூட்டனே கிடையாது. தடுக்க வேண்டிய பிரச்சினையே இல்லாத மாவு கையில இருக்கும்போது மைதாவோட ஏன் மல்லுக்கட்டணும்?

2023-ஐ ஐ.நா. சர்வதேச சிறுதானிய ஆண்டா அறிவிச்சுது. அதைக் கேட்டுக்கொண்டதே இந்தியாதான். அந்த வருஷம் சிறுதானிய நூடுல்ஸ், சிறுதானிய பிரெட்னு எதெல்லாம் குளூட்டன் இல்லாம நிக்காதோ அதுலயே கொண்டுபோய்ப் போட்டாங்க. பாதிக்கு மேல மைதாவோ கோதுமையோ கலந்தாதான் அது வடிவத்துக்கே வரும். சாப்பிட்டவங்க "சிறுதானியம்னாலே இப்படித்தான்"னு முடிவு பண்ணிட்டாங்க. தப்பு தானியத்து மேல இல்லை. பொருந்தாத இடத்துல வச்சதுதான் தப்பு.

சரி, சாமை எங்க வேணாலும் கிடைக்குதே, ஜவ்வாது மலை எதுக்கு? ஏன்னா நாம அந்த மலைக்குப் போற ஆளுங்க. காவலூர்ல வைணு பாப்பு வானாய்வகத்துக்கு ஐ.வி. போறோம். பீமன் அருவியில போட்டோ எடுக்கிறோம். ஜமுனாமரத்தூர்ல டீ குடிச்சுட்டு இறங்கிடறோம். வழியில ரெண்டு பக்கமும் இருக்கிற சரிவுகள்ல மழையை மட்டும் நம்பி மலையாளி பழங்குடி மக்கள் விளைவிக்கிறது சாமை. டிசம்பர் வரும்போது அறுவடை முடிஞ்சு புதுத் தானியம் வீட்டுல இருக்கும். நம்ம பேக்கிங் சீசனும் அதுவும் ஒரே நேரத்துல வருது.

சாமையில பெரிய வேலை உமி நீக்கறது. மணி ரொம்பச் சின்னது. முன்னாடி உரல்ல குத்திப் புடைச்சாங்க, அதுவும் பெரும்பாலும் பெண்கள் தலையில விழுந்த வேலை. உமியோடவே வியாபாரிக்குக் கொடுத்துட்டா, அதைச் சுத்தம் பண்ணி அரிசியாக்கி பாக்கெட் போடற லாபம் எல்லாம் சமவெளி ஆலைக்குப் போகும். மலையில நிலம் வச்சிருந்தும் கூலிக்கு இறங்க வேண்டிய நிலைமை இப்படித்தான் வருது. அந்த இறக்கம் எங்க கொண்டுபோய் விடும்னும் பார்த்திருக்கோம். 2015 ஏப்ரல் 7-ம் தேதி ஆந்திராவின் சேஷாசலம் காட்டில், செம்மரம் வெட்ட வந்தவங்கன்னு சொல்லி போலீஸ் சுட்டதுல 20 பேர் செத்தாங்க. அதுல ஜவ்வாது மலைக்காரங்களும் இருந்தாங்க.

ஒரு ட்ரே லெமன் பார் இதை மாத்திடும்னு சொன்னா அது பொய். ஆனா தானியத்துக்கு விலை கிடைக்க, அதை விரும்பி வாங்கற ஆள் வேணும். அறிவுரைக்காக ஒருதரம் வாங்கறவங்க திரும்ப வர மாட்டாங்க. ருசிக்காக வாங்கறவங்க வருவாங்க. ஜமுனாமரத்தூர்ல பழங்குடி விவசாயிகளே பங்குதாரர்களா இருக்கிற உற்பத்தியாளர் நிறுவனம் இருக்கு. திருவண்ணாமலை பக்கத்துல அத்தியந்தல்ல வேளாண் பல்கலைக்கழகத்தோட சிறுதானிய மையம் இருக்கு, ஏ.டி.எல். 1 சாமை ரகம் அங்கேருந்து வந்ததுதான். விளைவிக்கிற பக்கம் வேலை நடக்குது. சாப்பிடற பக்கம்தான் நாம இருக்கோம்.

"விலை ஜாஸ்தி"ன்னு சொல்வீங்க. கணக்குப் போடலாம். மைதாவுக்கும் சாமைக்கும் கிலோவுக்கு 80 ரூபாய் வித்தியாசம்னு வச்சுக்கோங்க. ஒரு ட்ரேக்கு 150 கிராம் மாவு, ஆக 12 ரூபாய். 16 துண்டு போட்டா துண்டுக்கு 75 பைசா. வெண்ணெய்ச் செலவுக்கு முன்னாடி இது ஒண்ணுமே இல்லை.

"நறநறன்னு இருக்குமே"ங்கிறது நியாயமான கேள்வி. சாமை அரிசியை லேசா வறுத்து, ஆறவிட்டு, நைஸா அரைச்சு, மெல்லிய சல்லடையில ரெண்டு தரம் சலிக்கணும். கலந்த மாவை அரை மணி நேரம் அப்படியே வச்சா ஈரத்தை இழுத்து மிருதுவாகும்.

அளவு இதோ. 8 இன்ச் சதுர ட்ரேயில பட்டர் பேப்பர் விரிச்சுக்கோங்க. வெறும் அலுமினியத்துல எலுமிச்சை பட்டா உலோக வாசம் வரும். சாமை மாவு 150 கிராம், வெண்ணெய் 90 கிராம், பொடிச்ச சர்க்கரை 40 கிராம், சிட்டிகை உப்பு, ஒட்டறதுக்கு ஒரு முட்டையோட மஞ்சள் கரு. உதிரியா கலந்து வச்சு, ட்ரேயில நல்லா அழுத்தி, 170 டிகிரியில ஓரம் பொன்னிறமாகிற வரை, சுமார் 20 நிமிஷம்.

மேலடுக்குக்கு 3 முட்டை, மிஞ்சின வெள்ளைக் கரு, சர்க்கரை 200 கிராம், சோள மாவு 15 கிராம், எலுமிச்சைச் சாறு 90 மில்லி. தோலைத் துருவினா மஞ்சள் பகுதி மட்டும். நம்ம எலுமிச்சைக்குத் தோல் மெல்லிசு, கொஞ்சம் அழுத்தினாலும் உள்ளே இருக்கிற வெள்ளை வந்து கசக்கும். கீழ் அடுக்கு சூடா இருக்கும்போதே ஊத்தி, 160 டிகிரியில இன்னொரு 20 நிமிஷம். நடுவுல லேசா ஆடும்போதே எடுத்துடுங்க, ஆறும்போது இறுகிடும். மூணு மணி நேரம் ஃபிரிட்ஜ்ல வச்ச பிறகுதான் கத்தி வைக்கணும்.

எலுமிச்சை கோடையில எகிறும், டிசம்பர்ல மலிவு. அதனால இந்த சீசன்லயே செஞ்சு பாருங்க. ஆர்டர் எடுக்கிறவங்க டப்பா மேல "ஹெல்தி"ன்னு எழுத வேண்டாம். "ஜவ்வாது மலைச் சாமை, எலுமிச்சை"ன்னு எழுதினா போதும். அடுத்த தடவை காவலூர் பக்கம் பஸ் ஏறினா, இறங்கும்போது ரெண்டு கிலோ சாமை பையில இருக்கட்டும்.