குடும்ப வன்முறை வழக்கில் சமரசம்... யார் ‘சரி’ சொல்ல வேண்டும்?

“விடுங்கம்மணி, பேசித் தீர்த்துக்கலாம்!”

அடி தாங்காமல் ஒரு பெண் பிறந்த வீட்டுக்கு வந்துவிட்டால், கோவைப் பக்கம் மறுநாளே சொந்தத்தில் ஒரு பெரியவர் இப்படித்தான் ஆரம்பிப்பார். நல்லெண்ணம்தான். ஆனால், அந்தத் திண்ணைப் பேச்சும் நீதிமன்றம் சொல்லும் சமரசமும் ஒன்றல்ல.

காந்திபுரத்திலிருந்து கொஞ்ச தூரம்தான், கலெக்டர் அலுவலகம் பக்கத்தில் இருக்கும் கோவை நீதிமன்ற வளாகம். குடும்ப வன்முறைச் சட்டத்தில் மனு போட்டால், மாஜிஸ்திரேட் இருவரையும் ஆலோசகரிடமோ, சமரச மையத்துக்கோ அனுப்பலாம். சென்னை உயர் நீதிமன்றத்தில் 2005-ல் தொடங்கிய சமரச மையத்தின் வழியில் மாவட்டங்களுக்கும் வந்த ஏற்பாடு இது. கட்டணமில்லை. அங்கே பேசியதைப் பின்னர் வழக்கில் ஆதாரமாகக் காட்டவும் முடியாது.

பலருக்குத் தெரியாத சங்கதி, இந்தச் சட்டத்துக்கான 2006-ம் ஆண்டு விதிகளில் இருக்கிறது. ஆலோசனையின்போது, ‘அவ எதிர்த்துப் பேசினா, அதான் கை நீட்டினேன்’ என்று கணவர் நியாயம் சொல்ல இடமே கிடையாது. இனி வன்முறை செய்ய மாட்டேன் என்று அவர் உறுதிமொழி தர வேண்டும். முக்கியமாக, அந்தப் பெண் விரும்பினால்தான் சமரச முயற்சியே தொடங்க வேண்டும். முடிவை ஏற்கும் முன்பும் நீதிபதி அவரிடம் விசாரிக்க வேண்டும். மாமியார், மாமா, ஊர்ப் பெரியவர் சொல்லும் ‘சரி’ கணக்கில் வராது.

அடுத்து, பேப்பர். ‘நல்லபடியா வெச்சுக்குவேன்’ என்ற ஒரு வரிக்குக் கையெழுத்துப் போடாதீர்கள். சீராக வந்த நகை எத்தனை பவுன், எந்தத் தேதிக்குள் திரும்ப வரும், குழந்தை யாரிடம், மாதம் எவ்வளவு ஜீவனாம்சம் என்று ஒவ்வொன்றும் எழுத்தில் வேண்டும். எல்லாம் கைக்கு வரும்வரை பாதுகாப்பு உத்தரவு நீடிக்கட்டும் என்று கேளுங்கள். அதை மீறினால் ஓராண்டு வரை சிறை, அல்லது 20,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.

மகளிர் காவல் நிலையத்தில் வரதட்சணைக் கொடுமை வழக்கும் இருந்தால், சமரசமானதும் அது தானாக முடிந்துவிடாது. அதை ரத்து செய்ய சென்னை உயர் நீதிமன்றம்தான் போக வேண்டும். அதற்கு உங்கள் சம்மதம் தேவைப்படும் என்பதால், பணத்தின் கடைசித் தவணையை அந்த நாளில் வாங்கிக்கொள்ளும்படி எழுதுவது புத்திசாலித்தனம்.

பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச வக்கீல் உண்டு. அதே வளாகத்தில் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேட்கலாம், போனில் 15100. அவசர உதவிக்கு 181.