மறந்தவனை விடுதலை செய்யலாமா?

மகாபாரதத்தில் வரும் துஷ்யந்தன் சகுந்தலையை மறக்கவில்லை. பிள்ளையை அழைத்துக்கொண்டு அவள் அவைக்கு வந்து நிற்கும்போது, அவள் யாரென்று நன்றாகத் தெரிந்துகொண்டேதான் தெரியாது என்கிறான். அசரீரி ஒலித்த பிறகு ஏற்றுக்கொள்கிறான். ஊரார் சந்தேகப்படக் கூடாது என்பதற்காகவே அப்படி நடந்துகொண்டதாகக் காரணமும் சொல்கிறான். இதே கதையை நாடகமாக்கிய காளிதாசன் துர்வாசரின் சாபத்தை உள்ளே கொண்டுவந்தான். தொலைந்த மோதிரமும் அதை விழுங்கிய மீனும் வந்து சேர்ந்தன. அரசன் இப்போது பொய்யன் இல்லை, மறந்துபோனவன். ஒரு மறதியைச் செருகியதில் குற்றவாளி நிரபராதி ஆகிவிட்டான்.

நினைவிழந்தவர்களைச் சுற்றி எடுக்கப்பட்ட மர்மப் படங்களையும் இந்த இடத்தில் நின்றுதான் பார்க்க வேண்டியிருக்கிறது. மறதியை மன்னிப்பாக வழங்கிவிட்டு ஒதுங்கிக்கொள்ளும் படங்கள் உண்டு. “மறந்துவிட்டாய், சரி, செய்தது யார்?” என்று விடாமல் கேட்கும் படங்களும் உண்டு. தமிழ் சினிமா முதல் வகையில் தேர்ந்தது. இரண்டாவது வகைக்குள் அது அரிதாகவே காலெடுத்து வைத்திருக்கிறது. அந்தத் தயக்கத்துக்கு இனியும் காரணம் இல்லை. (இனி வரும் பத்திகளில் சில படங்களின் முடிவு வெளிப்படும். முடிவைத் தொடாமல் இந்த விஷயத்தைப் பேச வழியில்லை.)

தமிழுக்கு நினைவிழப்பு புதிதல்ல. 1956இல் வெளிவந்த ‘அமரதீபம்’ படத்திலேயே சிவாஜி கணேசன் நினைவிழந்து, சாவித்திரிக்கும் பத்மினிக்கும் நடுவே தவித்தார். 1942இல் வந்த ‘ரேண்டம் ஹார்வெஸ்ட்’ என்ற ஹாலிவுட் படத்தின் சாயல் அது. 1982இல் பாலுமகேந்திரா ‘மூன்றாம் பிறை’ எடுத்தார். கார் விபத்தில் அடிபட்டுக் குழந்தை மனநிலைக்குத் திரும்பிய பெண்ணாக ஸ்ரீதேவி. அவளைக் காப்பாற்றி வளர்க்கும் ஆசிரியர் சீனுவாகக் கமல்ஹாசன். அது மர்மப் படம் இல்லை. ஆனாலும் மறதியின் முழு விலையை நோயில்லாதவன் தலையில் இறக்கிவைத்த துணிச்சல் அதில் இருந்தது. குணமானவளுக்கு எதுவும் நினைவில்லை; ரயில் போய்விடுகிறது; இழப்பு முழுவதும் சீனுவுக்கு.

மர்மமும் மறதியும் தமிழில் பெரிய அளவில் கைகோத்தது 2005இல், ஏ.ஆர்.முருகதாஸின் ‘கஜினி’யில். சூர்யாவின் சஞ்சய் ராமசாமிக்கு நினைவு பதினைந்து நிமிடம்தான் நிற்கும். உடம்பெல்லாம் பச்சை குத்திய குறிப்புகள், கையில் போலராய்டு படங்கள். அதற்கு ஐந்து ஆண்டுகள் முன்பு வந்த கிறிஸ்டோபர் நோலனின் ‘மெமென்டோ’விலிருந்து வந்தவை அவை என்பது ஊரறிந்த செய்தி. அசின் நடித்த கல்பனா ‘மெமென்டோ’வில் இல்லாத பாத்திரம்; அந்தப் பெண்ணின் கலகலப்புக்காகவே அரங்குகள் நிரம்பின. 2008இல் இந்தியிலும் அந்தக் கதை பெரும் வெற்றி பெற்றது.

ஆனால், ‘கஜினி’ எதைக் கொண்டுவராமல் விட்டது என்பதில்தான் விஷயம் இருக்கிறது. சஞ்சய் ராமசாமியின் பழிவாங்கலில் பார்வையாளருக்கு ஒரு நொடிகூடச் சந்தேகம் வருவதில்லை. வில்லன் யார், கல்பனாவுக்கு என்ன நேர்ந்தது என்பதெல்லாம் நாட்குறிப்பின் வழியாகவும் கண்ணெதிரேயும் தெளிவாகிவிடுகின்றன. மறதி அவன் வழியில் கிடக்கும் ஒரு தடை, அவ்வளவுதான். தடை எவ்வளவு பெரிதோ, அவ்வளவுக்கு அவன்மேல் இரக்கம் கூடுகிறது. தீர்ப்பு முன்னதாகவே எழுதப்பட்டுவிட்டது.

‘மெமென்டோ’வின் லெனார்ட் ஷெல்பிக்கு அப்படி ஒரு சலுகை கிடைக்கவில்லை. கை பியர்ஸ் நடித்த இந்தப் பாத்திரம் ஒரு காப்பீட்டு விசாரணையாளர். மற்றவர்கள் சொல்வது பொய்யா என்று கண்டுபிடிப்பது அவர் தொழில். மனைவியைத் தாக்கியவனைத் தேடுகிறார். படத்தின் வண்ணக் காட்சிகள் பின்னிருந்து முன்னாக ஓடுகின்றன. கறுப்பு வெள்ளைக் காட்சிகள் நேராக ஓடுகின்றன. ஒவ்வொரு வண்ணக் காட்சியும் தொடங்கும்போது, ‘இதற்கு முன் என்ன நடந்தது’ என்று பார்வையாளருக்கும் தெரியாது. நோயாளியின் நிலையைப் படத்தொகுப்பின் வழியாகவே பார்ப்பவருக்கு ஏற்றிவிட்டார் நோலன். இரண்டு ஓட்டங்களும் சந்திக்கும் இடத்தில், ஒரு போலராய்டு படம் மெல்லத் தெளிவாகும்போது, கறுப்பு வெள்ளை வண்ணமாக மாறுகிறது.

அங்கேதான் ஒரு குற்றம் நடக்கிறது. உன் மனைவியைத் தாக்கியவனை நீ எப்போதோ கொன்றுவிட்டாய் என்று டெடி என்ற போலீஸ்காரன் லெனார்டிடம் சொல்கிறான். லெனார்டுக்கு அது பிடிக்கவில்லை. இன்னும் சில நிமிடங்களில் இதை மறந்துவிடுவோம் என்று அவருக்குத் தெரியும். டெடியின் கார் எண்ணை, கொலைகாரனுக்கான தடயமாகத் தன் கையாலேயே எழுதிக்கொள்கிறார். நாளை அதைப் பார்க்கும் தன்னை இன்று தானே ஏமாற்றுவது என்று முழு நினைவோடு முடிவெடுக்கிறார். படத்தின் முதல் காட்சியில் நாம் பார்த்த கொலை இப்படித்தான் திட்டமிடப்பட்டது. மறதி இங்கே நோய் மட்டும் அல்ல, ஆயுதமும்கூட. உலக சினிமாவில் நினைவிழப்பைப் பற்றி இதைவிடக் கூர்மையான காட்சி எடுக்கப்பட்டிருக்கிறதா என்பது சந்தேகமே.

மருத்துவ நோக்கிலும் இந்தப் படம் நிற்கிறது. நரம்பு உளவியலாளர் சாலி பேக்சன்டேல் 2004இல் ‘பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல்’ இதழில், சினிமா காட்டும் நினைவிழப்பைப் பற்றி எழுதினார். தலையில் அடிபட்டால் பெயரும் ஊரும் உறவும் மறந்துபோவது, இரண்டாவது அடியில் எல்லாம் திரும்பி வருவது போன்றவை திரையில் மட்டுமே நடப்பவை என்றார். விதிவிலக்காக அவர் பாராட்டிய சில படங்களில் ‘மெமென்டோ’ ஒன்று. ‘ஃபைண்டிங் நீமோ’ கார்ட்டூனில் வரும் டோரி மீன் இன்னொன்று. உண்மையான நினைவிழப்பில் பெரும்பாலும் பழையது ஓரளவு இருக்கும், புதியதுதான் பதியாது. அமெரிக்காவின் ஹென்றி மொலெய்சனுக்கு 1953இல், 27ஆவது வயதில், வலிப்பு நோய்க்காக மூளையின் இரு பக்கத்திலும் ஹிப்போகாம்பஸ் பகுதியை அகற்றினார்கள். அதன் பிறகு 2008இல் இறக்கும்வரை அவர் மனதில் புதிய நிகழ்வுகள் தங்கவில்லை. ஆனால், உளவியலாளர் பிரெண்டா மில்னர் கண்ணாடியில் பார்த்து நட்சத்திரம் வரையச் சொன்னபோது, நாளுக்கு நாள் அவர் கை தேர்ச்சி பெற்றது. இதற்கு முன் அதைச் செய்ததே அவருக்கு நினைவில்லை. மனம் மறந்ததைக் கை மறக்கவில்லை என்ற இந்தச் செய்தி, மர்மக்கதை எழுதுபவர்களுக்குப் பெரும் புதையல்.

நோயில்லாதவர்களின் நினைவும் அவ்வளவு நேர்மையானது அல்ல. உளவியலாளர் எலிசபெத் லாஃப்டஸ் 1974இல் கார் மோதும் படத்துண்டைக் காட்டி, சிலரிடம் ‘மோதியபோது’ என்றும் சிலரிடம் ‘நொறுங்க மோதியபோது’ என்றும் சொல்லிக் கேள்வி கேட்டார். ஒரு வாரம் கழித்து, கண்ணாடி உடைந்து கிடந்ததா என்று கேட்டபோது, இரண்டாவது குழுவில் அதிகம் பேர் ஆம் என்றார்கள். படத்தில் உடைந்த கண்ணாடியே இல்லை.

மலையாளத்தில் 2013இல் ரோஷன் ஆண்ட்ரூஸ் இயக்கிய ‘மும்பை போலீஸ்’, ‘மறந்துவிட்டாய், சரி, செய்தது யார்?’ என்ற கேள்வியை நேருக்கு நேர் எடுத்துக்கொண்டது. நண்பனின் கொலைவழக்கை விசாரிக்கும் அதிகாரி ஆன்டனி மோசஸ் (பிருத்விராஜ்), கொலையாளியைக் கண்டுபிடித்துவிட்டேன் என்று போனில் சொல்லும் நேரத்தில் விபத்தில் சிக்கி நினைவிழக்கிறார். அதே வழக்கை முதலிலிருந்து விசாரிக்கிறார். கொலையாளி அவரேதான். கொலைக்கான காரணத்தை, நாயகனின் தன்பால் ஈர்ப்பு வெளிப்பட்டுவிட்டதோடு முடிச்சுப்போட்டு, அதை அதிர்ச்சிச் செய்தியாகக் காட்டிய விதம் இன்று உறுத்துகிறது. அந்தக் குறையைக் குறையென்றே சொல்ல வேண்டும். ஆனால், தான் செய்ததாக நினைவே இல்லாத குற்றத்துக்குத் தானே பொறுப்பேற்கும் ஒரு மனிதனை வணிகப் படத்தின் நட்சத்திர நாயகனாக நிறுத்தியது எளிய காரியம் அல்ல.

இது திரைக்கதை ஆசிரியர்களின் கற்பனைச் சிக்கல் மட்டும்தானா? அமெரிக்க உச்ச நீதிமன்றத்திலேயே இந்தக் கேள்வி வந்தது. அலபாமா மாநிலத்தில் 1985இல் போலீஸ் அதிகாரி ஒருவரைச் சுட்டுக்கொன்றதற்காக மரண தண்டனை பெற்ற கைதி, சிறையில் பக்கவாதத் தாக்குதல்களுக்கு ஆளாகி மறதிநோயில் விழுந்தார். செய்த குற்றம் தனக்கு நினைவில் இல்லை என்றார். ‘மேடிசன் எதிர் அலபாமா’ என்ற அந்த வழக்கில் 2019 பிப்ரவரியில் தீர்ப்பு வந்தது. குற்றம் நினைவில்லை என்பது மட்டுமே தண்டனையைத் தடுத்துவிடாது. ஆனால் அரசு தன்னை ஏன் கொல்கிறது என்பதையே விளங்கிக்கொள்ள முடியாத நிலைக்கு மறதிநோய் ஒருவரைத் தள்ளியிருந்தால், அவரைக் கொல்லக் கூடாது என்றது எலெனா கேகன் எழுதிய தீர்ப்பு. நினைவு வேறு, புரிதல் வேறு என்று பிரித்துக் காட்டிய அந்தக் கோடு மிக மெல்லியது. அந்தக் கோட்டின் மேல் ஒரு முழுப் படத்தை நடத்தலாம். வழக்கு மறுபரிசீலனைக்குக் கீழே அனுப்பப்பட்டது. கைதி 2020இல் சிறையிலேயே இறந்தார்.

தமிழில் இப்படிப்பட்ட படங்களுக்கான ஆள்பலம் இல்லை என்று சொல்ல முடியாது. பாலாஜி தரணீதரனின் ‘நடுவுல கொஞ்சம் பக்கத்த காணோம்’ (2012) அதற்குச் சான்று. கல்யாணத்துக்கு முந்தைய நாட்களில் கிரிக்கெட் ஆடித் தலையில் அடிபட்டு அண்மைக் காலத்தை மறந்துபோன மாப்பிள்ளை. பெண்ணின் முகமும் தெரியாது. கேட்ட கேள்வியையே திரும்பத் திரும்பக் கேட்கிறான். இது ஒளிப்பதிவாளர் சி.பிரேம்குமாருக்கு நிஜமாகவே நேர்ந்தது. அந்தப் படத்துக்கு ஒளிப்பதிவு செய்ததும் அவரே. விஜய் சேதுபதி திரும்பத் திரும்பச் சொல்லும் அந்த வசனம் வெறும் சிரிப்புக்காகச் சேர்த்த ஒன்றல்ல. தலையில் அடிபட்டவர்களில் சிலர் உண்மையிலேயே அப்படித்தான் பேசுவார்கள். கண்ணால் பார்த்ததை எழுதியதால் அந்தப் படம் மருத்துவத்தை மீறவில்லை, ரசிகர்களையும் இழக்கவில்லை. அதை நகைச்சுவையாகக் கொண்டுசென்றவர்கள் விரும்பியிருந்தால் மர்மமாகவும் கொண்டுசென்றிருக்க முடியும்.

எப்படி என்பதை 2024 ஓணத்துக்கு வந்த மலையாளப் படம் ‘கிஷ்கிந்தா காண்டம்’ காட்டியது. திஞ்சித் அய்யத்தான் இயக்கம், பாகுல் ரமேஷின் எழுத்தும் ஒளிப்பதிவும். காட்டோரத்து வீடு, சுற்றிலும் குரங்குகள். தேர்தல் வருகிறது, உரிமம் பெற்ற துப்பாக்கியைக் காவல் நிலையத்தில் ஒப்படைக்க வேண்டும், ஓய்வுபெற்ற ராணுவத்தினரான அப்பு பிள்ளையின் துப்பாக்கியைக் காணவில்லை. பேரனையும் காணவில்லை. விஜயராகவன் நடித்த இந்தப் பெரியவருக்கு மறதி கூடிக்கொண்டே போகிறது. அதை மானப் பிரச்சினையாக எண்ணி மறைக்கிறார். குறிப்புகள் எழுதுகிறார், காகிதங்களை எரிக்கிறார், எல்லார்மேலும் எரிந்து விழுகிறார். தன் வீட்டிலேயே தான் துப்பறிந்துகொண்டிருக்கிறார் என்பது மெல்ல விளங்குகிறது. இதற்கு முன்பும் துப்பறிந்திருக்கிறார் என்பது பிறகு விளங்குகிறது. முடிவு இங்கே வேண்டாம். பார்க்காதவர்கள் பார்த்தே தீர வேண்டிய படம் அது.

ஆசிப் அலி நடித்த மகன் அஜயனைக் கவனிக்க வேண்டும். அப்பாவுக்குத் தெரிய வேண்டியதையும் தெரியக் கூடாததையும் ஒவ்வொரு முறையும் அவன்தான் முடிவு செய்ய வேண்டியிருக்கிறது. மறப்பவர் மறந்துவிடுகிறார். கூட இருப்பவர்களுக்கு அந்த வசதி இல்லை. இந்தப் படத்தில் சண்டைக் காட்சி இல்லை, நெற்றியில் அடிபட்டு நினைவு திரும்பும் காட்சி இல்லை. ஒரு வீடும் நான்கைந்து மனிதர்களும் போதுமாக இருந்தார்கள்.

வயதானவர்களின் மறதி தமிழ்நாட்டு வீடுகளிலும் இருக்கிறது. கையெழுத்துப் போட்ட பத்திரம் நினைவில்லாத தாத்தா, வளையலை எங்கோ ஒளித்துவைத்துவிட்டு வேலைக்கு வரும் பெண்ணைச் சந்தேகிக்கும் பாட்டி, உண்மையைச் சொல்வதா வேண்டாமா என்று சமையலறையில் தாழ்ந்த குரலில் பேசிக்கொள்ளும் பிள்ளைகள். பழி யார்மேல் விழுகிறது, யார் அதைத் துடைக்கிறார்கள் என்று கேட்டாலே மர்மக்கதைக்கு முதல் முடிச்சு கிடைத்துவிடும். நம் இயக்குநர்கள் நாயகனின் தலையில் கம்பியால் அடிப்பதை நிறுத்திவிட்டு, நினைவாற்றல் சிகிச்சைப் பிரிவின் வாசலில் காத்திருக்கும் குடும்பங்களோடு கொஞ்ச நேரம் உட்கார வேண்டும்; திரைக்கதையை எழுதும்போதே ஒரு நரம்பியல் மருத்துவரிடம் படிக்கக் கொடுக்க வேண்டும்.