தத்துவம் அறியாதவன் யார்?

ஆங்கிலத்தில் 'அன்பிலாசபிகல்' என்று ஒரு சொல் இருக்கிறது. நாக்கைச் சுளுக்க வைக்கும் சொல்தான். ஆனாலும் ஆலைத் தொழிலாளியும் விவசாயத் தொழிலாளியும் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும். ஏனென்றால் படித்த கனவான்கள் இந்தச் சொல்லை எடுத்து எறியும்போதெல்லாம் அது பெரும்பாலும் உழைப்பவன் தலையில்தான் விழுந்திருக்கிறது.

'பிலாசபி' என்பது கிரேக்கர்களிடமிருந்து வந்தது. ஞானத்தின்மீது நேசம் என்று பொருள். முன்னால் 'அன்' சேர்ந்தால் அது இல்லாதவன், தத்துவ சிந்தனை அற்றவன் என்றாகிவிடும். அகராதியைப் புரட்டினால் முதல் பொருள், தத்துவ முறைக்கு, அதாவது பகுத்தறிவு முறைக்கு ஒவ்வாதது. அடுத்த பொருள், ஆழ்ந்து யோசிக்கும் சுபாவம் இல்லாத மனிதன். இவ்விரண்டோடும் நமக்குப் பெரிய சண்டை இல்லை. மூன்றாவதாக ஒரு பொருள் உண்டு. விஷம் அங்கேதான் இருக்கிறது.

ஆங்கிலேயன் ஒருவனுக்குக் கஷ்டம் வந்தால் பக்கத்தில் இருப்பவன், 'டேக் இட் பிலாசபிகலி' என்பான். தத்துவ ரீதியாக எடுத்துக்கொள் என்பது சொல்லுக்குச் சொல் அர்த்தம். உண்மையான அர்த்தம் என்ன? சத்தம் போடாதே, பொறுத்துக்கொள்! கூலியை வெட்டினார்களா? தத்துவமாக எடுத்துக்கொள். ஆட்குறைப்பில் பெயர் வந்துவிட்டதா? தத்துவமாக எடுத்துக்கொள். பொறுத்துக்கொள்பவன் 'பிலாசபிகல்'. முணுமுணுப்பவன், சங்கம் சேர்பவன், கேட்டுக்கு வெளியே நின்று கோஷம் போடுபவன் 'அன்பிலாசபிகல்'. ஞானத்தை நேசிப்பது என்று பிறந்த சொல், வாயை மூடிக்கொண்டிருப்பது என்று வந்து நிற்கிறது, பார்த்தீர்களா?

இந்தப் பொருளுக்கு வேர், பழைய ரோம சாம்ராஜ்யத்தில் பரவியிருந்த ஸ்டோயிக் தத்துவம். துன்பத்தைக் கலங்காமல் தாங்குவதே ஞானம் என்றார்கள் அவர்கள். அந்தக் கூட்டத்தில் அடிமையாகப் பிறந்த எபிக்டெட்டஸும் இருந்தார், சக்கரவர்த்தியான மார்க்கஸ் அரேலியஸும் இருந்தார். சங்கிலி பூட்டியவனுக்கு அந்தப் பொறுமை ஓர் ஊன்றுகோலாக இருந்திருக்கலாம். அதை நாம் பரிகசிக்க வேண்டியதில்லை. சக்கரவர்த்திக்கு எந்தப் பொறுமை வசதியாக இருந்தது? தன்னுடையதா, அடிமையினுடையதா? இன்னொன்றும் கேட்போம். லாபப் பங்கு குறைந்த வருஷத்தில் எந்த ஆலை முதலாளியாவது அதைத் தத்துவமாக எடுத்துக்கொண்டிருக்கிறாரா?

தமிழிலும் இந்த வாடை உண்டு. "தத்துவம் பேசாதே" என்று ஒருவரை ஒருவர் அடக்குகிறோம். "விரக்தியில் தத்துவம் பேசுகிறான்" என்கிறோம். சோற்றுக்கு உதவாத பேச்சு என்ற பொருள் அந்தச் சொல்லில் ஏறிவிட்டது. உழைப்பவனுக்கும் தத்துவத்துக்கும் சம்பந்தமில்லை என்று நாமே ஒப்புக்கொடுப்பது போல் ஆகிறது இது.

சம்பந்தமில்லை என்று முதலில் எழுதி வைத்தவர்கள் யார்? அந்தச் சொல்லைப் பெற்ற கிரேக்கப் பெரியவர்களேதான். ஏதென்ஸ் நகரத்துக்குப் பக்கத்தில் லாரியம் வெள்ளிச் சுரங்கங்களில் அடிமைகள் மண்ணுக்குள் மாண்டுகொண்டிருந்த காலம். பிளேட்டோ தம் 'குடியரசு' நூலில் ஒரு கேலிச் சித்திரம் தீட்டுகிறார். தொழிலாளி தத்துவத்தின் பக்கம் வந்தால் எப்படி இருக்குமாம்? வழுக்கைத் தலைக் கொல்லன் ஒருவன் கையில் நாலு காசு சேர்ந்து, விலங்கு கழன்று, குளித்துப் புத்தாடை உடுத்தி, நொடித்துப்போன எஜமானின் மகளைக் கட்டிக்கொள்ள மாப்பிள்ளையாய் வந்து நிற்பது போல் இருக்குமாம்! பட்டறை வேலை உடம்பை வளைத்ததுபோல் ஆன்மாவையும் ஒடுக்கிவிட்டதாம். இத்தனைக்கும் பிளேட்டோவின் குரு சாக்ரடீஸ், கல்தச்சரின் மகன் என்று மரபு சொல்கிறது!

பட்டறைத் தொழிலாளியைக் கிரேக்கர்கள் 'பனௌசோஸ்' என்றார்கள். அதிலிருந்து ஆங்கிலத்துக்கு 'பனாசிக்' என்று ஒரு சொல் போயிருக்கிறது. கைத்தொழில் சார்ந்தது என்பதோடு நிற்காமல், மட்டமானது, உயர்ந்த சிந்தனைக்கு லாயக்கற்றது என்றும் அதற்குப் பொருள். நமது சொல்லுக்கு இது உடன்பிறப்பு.

அரிஸ்டாட்டில் இன்னும் வெளிப்படையாகப் பேசினார். அடிமை என்பவன் உயிருள்ள கருவி என்றார். சிந்தனைக்கு ஓய்வு வேண்டும், உழைப்பவனுக்கு ஓய்வில்லை, ஆகையால் உழைப்பவன் நல்லாட்சியில் குடிமகனாக முடியாது என்பது அவர் வாதம். ஓய்வு என்பதற்குக் கிரேக்கத்தில் 'ஸ்கோலே'. இன்று நாம் சொல்லும் 'ஸ்கூல்' அதிலிருந்து வந்ததுதான். இதில் பாதி உண்மை இருக்கிறது, தோழர்களே! சிந்திக்க ஓய்வு வேண்டும்தான். ஓய்வைப் பறித்தவன் யார் என்ற கேள்வியைத்தான் அந்த மேதை கேட்கவில்லை. ஆனால் ஓர் இடத்தில் அவர் கிட்டத்தட்ட வாசற்படி வரை வந்துவிடுகிறார். தறியின் நாடா தானாகவே ஓடுமானால் எஜமானர்களுக்கு அடிமைகள் தேவைப்படமாட்டார்கள் என்கிறார். இரண்டாயிரம் வருஷம் கழித்து நாடா ஓடத்தான் செய்தது. 1785ல் கார்ட்ரைட் விசைத்தறிக்கு உரிமம் பெற்றார். நாடாவை ஓட்டிய கைகளுக்கு ஓய்வு கிடைத்ததா? அதைப் பார்க்க இங்கிலாந்துக்குப் போவோம்.

அங்கே பதினேழாம், பதினெட்டாம் நூற்றாண்டுகளில் 'பிலாசபி' என்றால் விஞ்ஞானமும் சேர்ந்தது. 1687ல் வந்த நியூட்டனின் மகா நூலின் பெயரிலேயே இயற்கைத் 'தத்துவம்' என்றுதான் இருக்கிறது. இயற்கை விதிகள் மட்டுமே குழப்பத்திலிருந்து உலகத்தை உண்டாக்கியிருக்கும் என்று சொல்வதை அவர் 'அன்பிலாசபிகல்' என்று ஒதுக்கினார். இந்தச் சொல்லுக்கு இது பேர்போன உதாரணம். விஞ்ஞானத்தில் சிகரம் தொட்டவர், தம் கடவுளுக்கு இடம் வைக்க இந்தச் சொல்லைப் பயன்படுத்தினார்! அந்நாட்டு ராயல் சொசைட்டி 1665 முதல் வெளியிட்டுவரும் பத்திரிகையின் பெயரிலும் 'பிலாசபிகல்' உண்டு.

அந்த ராயல் சொசைட்டியில் பிற்பாடு தலைவர் நாற்காலியில் அமர்ந்த ஒருவரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். 1807ல் ஏழைக் குழந்தைகளுக்கு ஊர்தோறும் பள்ளி வைக்கும் மசோதா ஒன்று பிரிட்டிஷ் பார்லிமெண்டுக்கு வந்தது. டேவிஸ் கிட்டி என்ற அங்கத்தினர் எழுந்து எதிர்த்தார். படிப்புக் கொடுத்தால் ஏழைகள் தங்கள் நிலைமையை வெறுப்பார்கள், வயல்வேலைக்கு நல்ல வேலையாட்களாக இருக்கமாட்டார்கள், கலகத் துண்டுப் பிரசுரங்களைப் படிப்பார்கள், மேலோருக்குப் பணியமாட்டார்கள் என்பது அவர் வாதம். மசோதா பிரபுக்கள் சபையில் மடிந்தது. பிற்பாடு கில்பர்ட் என்று பெயரை மாற்றிக்கொண்ட இந்தக் கனவான், 1827ல் ராயல் சொசைட்டியின் தலைவரானார். வயற்கூலியின் பிள்ளை எழுத்துக் கற்கக்கூடாது என்றவர் தத்துவவாதிகளின் தலைவர்! எழுத்து மறுக்கப்பட்ட பிள்ளை 'அன்பிலாசபிகல்'!

இனி ஆலைக்கு வருவோம். 1835ல் ஆண்ட்ரூ யூர் என்ற ஸ்காட்லாந்து ரசாயன நிபுணர் ஒரு புத்தகம் வெளியிட்டார். பெயர் என்ன தெரியுமா? 'உற்பத்தித் தொழிலின் தத்துவம்'! பஞ்சாலைக்கே தத்துவம் எழுதிவிட்டார் மனிதர். மான்செஸ்டர் வட்டாரத்து ஆலைகளைச் சுற்றிப் பார்த்தாராம். குழந்தைத் தொழிலாளிகள் களைத்து விழுவதை அவர் கண் பார்க்கவே இல்லை. அறுந்த இழையைப் பிணைக்கும் பிஞ்சுகள் குட்டித் தேவதைகள் போலத் துள்ளுகின்றன, அவர்களுக்கு வேலையே ஒரு விளையாட்டு என்று எழுதினார். 1833ல் வந்த தொழிற்சாலைச் சட்டம் ஒன்பது முதல் பதின்மூன்று வயதுக் குழந்தைகளுக்கு நாளைக்கு ஒன்பது மணி நேரம் என்று வரம்பு கட்டியிருந்தது. அந்த ஒன்பது மணி நேரச் சட்டம்கூட இந்தத் தத்துவவாதிக்குப் பொறுக்கவில்லை!

அவருடைய தத்துவத்தின் உச்சியைக் கேளுங்கள். நூற்பாளர்கள் வேலைநிறுத்தம் செய்து முதலாளிகளைத் திணறடித்த சமயம். ஸ்டாலிபிரிட்ஜ் வட்டார முதலாளிகள் மான்செஸ்டர் யந்திர நிபுணர் ரிச்சர்ட் ராபர்ட்ஸிடம் ஓடினார்கள். நூற்பாளன் இல்லாமலே நூற்கும் யந்திரம் செய்து கொடு என்றார்கள். அவர் தானியங்கி மியூல் யந்திரத்தை உருவாக்கி 1825ல் முதல் உரிமம் பெற்றார். தொழிலாளிகள் அதற்கு 'இரும்பு மனிதன்' என்று பெயர் வைத்தார்கள். யூருக்கு ஒரே ஆனந்தம். மூலதனம் விஞ்ஞானத்தைத் தன் படையில் சேர்த்துக்கொண்டால் அடங்காத தொழிலாளியின் கை அடக்கம் கற்றே தீரும் என்று பறைசாற்றினார். தத்துவம், விஞ்ஞானம், யந்திரம் மூன்றும் யாருக்குக் காவல் நிற்கின்றன என்பதை இவ்வளவு பச்சையாக நம்மில் யாரும்கூட எழுதியதில்லை! மார்க்ஸ் தம் 'மூலதன'த்தில் இந்த மனிதரை ஆலைக்குத் துதிபாடும் புலவர் என்ற தோரணையில் உரித்துப் போட்டிருக்கிறார்.

தொழிலாளி சிந்திக்கமாட்டான் என்று உண்மையிலேயே நம்பியிருந்தால் அவன் பத்திரிகையைக் கண்டு ஏன் பயந்தார்கள்? 1815 முதல் இங்கிலாந்தில் பத்திரிகை ஒவ்வொரு பிரதிக்கும் நாலு பென்னி முத்திரை வரி. கூலிக்காரன் கைக்கு எட்டக்கூடாது என்பதற்காகத்தான். ஹென்றி ஹெதரிங்டன் என்ற அச்சுத் தொழிலாளி 1831ல் வரி கட்டாமலே 'ஏழையின் காவலன்' என்ற வாரப் பத்திரிகையை ஒரு பென்னிக்கு விற்றார். சிறைக்குப் போனார். பத்திரிகையைத் தெருவில் விற்ற குற்றத்துக்காக நூற்றுக்கணக்கானவர்கள் சிறைக்குப் போனார்கள். 1836ல் வரி ஒரு பென்னியாக இறங்கியது, 1855ல் தொலைந்தது. சிந்தனையே இல்லாதவனுக்கு எதற்கையா சிந்தனை வரி?

ஜெர்மனியில் ஜோசப் டீட்ஸ்கென் என்றொருவர் தோல் பதனிடும் தொழிலாளி. சுண்ணாம்பு நாற்றத்தில் நின்று உழைத்த கை. அந்தக் கையாலேயே மனித மூளையின் வேலை எப்படி நடக்கிறது என்று 1869ல் ஒரு நூல் எழுதி வெளியிட்டார். இயக்கவியல் பொருள்முதல்வாதத்தைத் தங்களிடமிருந்தும் ஹெகலிடமிருந்தும் கடன் வாங்காமல் தானே கண்டவர் என்று 1886ல் எங்கெல்ஸ் அவரைப் பற்றி எழுதினார். டீட்ஸ்கெனிடம் குழப்பங்களும் இருந்தன. லெனினே 1909ல் வந்த தம் நூலில் அவற்றைச் சுட்டிக்காட்டியிருக்கிறார். இருக்கட்டும். குழப்பமே இல்லாத பேராசிரியர் யாராவது உண்டா? பிளேட்டோவின் வழுக்கைத் தலைக் கொல்லனுக்கு இந்தத் தோல் தொழிலாளி சொன்ன பதில் போதும்.

அப்படியானால் இந்தச் சொல்லையே குப்பையில் போட்டுவிடலாமா? வேண்டாம். அதற்கு ஒரு நேர்மையான உபயோகம் இருக்கிறது. முசோலினியின் சிறையில் இருந்தபடி இத்தாலியத் தோழர் கிராம்சி எழுதினார்: எல்லா மனிதரும் ஒருவகையில் தத்துவவாதிகளே. ஆனால் நம் தலைக்குள் இருப்பதில் பெரும்பகுதி பிறர் போட்டு வைத்தது, துண்டு துண்டாய் ஒட்டுப் போட்டது, பரிசீலிக்காதது. இது கசப்பான பேச்சு, ஆனால் சரியான பேச்சு. கூலி குறைந்ததற்குத் தலையெழுத்து என்று சொல்லும் விவசாயத் தொழிலாளி, பக்கத்துச் சேரித் தோழனோடு சரிசமமாக உட்கார மறுக்கும் ஆலைத் தொழிலாளி, இவர்களுடைய தலைக்குள் பேசுவது யாருடைய குரல்? பண்ணையார் குரல்! ஏன் என்று கேட்காமல் அதை அப்படியே ஏற்றுக்கொண்டால் அதுதான் 'அன்பிலாசபிகல்'. யூர் போன்ற கனவானுக்கும் அதே அளவுகோல். ஆலையெல்லாம் சுற்றிவிட்டு, குழந்தை ஏன் அங்கே நிற்கிறது என்று ஒரு தடவைகூடக் கேட்காதவரை வேறெப்படி அழைப்பது?

கேட்பதற்கு நேரம் வேண்டும். அரிஸ்டாட்டில் சொன்ன பாதி உண்மை அதுதான். ஆங்கிலத் தொழிலாளிகள் அந்த நேரத்துக்காகப் பல பத்தாண்டுகள் போராடினார்கள். பெண்களுக்கும் இளைஞர்களுக்கும் பத்து மணி நேரச் சட்டம் 1847ல்தான் கிடைத்தது. பழங்கதை என்று நினைக்காதீர்கள். தமிழ்நாடு சட்டமன்றத்தில் 2023 ஏப்ரல் 21 அன்று தொழிற்சாலைச் சட்டத் திருத்த மசோதா ஒன்று நிறைவேறியது. தொழிலாளியிடம் நாளைக்குப் பன்னிரண்டு மணி நேரம் வரை வேலை வாங்க வழி திறந்தது அது. நாலு நாள் வேலை, மூன்று நாள் ஓய்வு என்று விளக்கம் சொன்னார்கள். பன்னிரண்டு மணி நேரம் இழை பிணைத்தவன் வீட்டுக்குப் போய்ப் பத்திரிகையைப் பிரிப்பானா, பாயைப் பிரிப்பானா? தொழிற்சங்கங்கள் அதைத் தத்துவமாக எடுத்துக்கொள்ளவில்லை. மூன்றே நாளில் மசோதா நிறுத்திவைக்கப்பட்டது. மே தினத்தன்று வாபஸ் என்று முதலமைச்சர் அறிவித்தார்.