எல்லைப் படையின் ஏணியில் நமக்கு எத்தனை படி?

எல்லைப் பாதுகாப்புப் படை 1965 டிசம்பர் 1 அன்று தொடங்கப்பட்டது. பாகிஸ்தான், வங்கதேச எல்லைகளைக் காக்கும் இந்தப் படையில் இரண்டரை லட்சத்துக்கும் மேற்பட்டோர் பணியாற்றுகிறார்கள். நிலமில்லாத வீடுகளிலிருந்து பள்ளிப் படிப்போடு காவலர் வேலைக்குப் போன நம் பிள்ளைகளும் அதில் உண்டு. ஆனால், படைக்குள்ளேயே பணியில் சேர்ந்து வளர்ந்த அதிகாரி ஒருவர்கூட இதுவரை அதன் தலைமை இயக்குநர் ஆனதில்லை. அந்த நாற்காலியில் அமர்பவர்கள் இந்தியக் காவல் பணியிலிருந்து, அதாவது ஐ.பி.எஸ். பிரிவிலிருந்து வருபவர்கள்தான்.

அதற்குக் கீழே உள்ள பதவிகளிலும் இதே நிலைதான். ஐ.ஜி. பதவிகளில் பாதியும் டி.ஐ.ஜி. பதவிகளில் ஐந்தில் ஒரு பங்கும் அயல்பணியில் வரும் ஐ.பி.எஸ். அதிகாரிகளுக்கு என ஒதுக்கப்பட்டிருந்தன. உதவி கமாண்டன்டாகச் சேர்ந்து, பாலைவனத்திலும் சதுப்பு நிலத்திலும் ஆண்டுக்கணக்கில் காவல் காத்தவர் அதே படியில் தேங்கி நிற்கிறார். மேலிருக்கும் இடம் வெளியிலிருந்து நிரம்பிவிடுகிறது.

இந்தத் தேக்கத்தை எதிர்த்துத்தான் மத்திய ஆயுதக் காவல் படை அதிகாரிகள் வழக்குத் தொடுத்தார்கள். மற்ற மத்தியப் பணிகளைப் போலத் தங்களையும் ஒழுங்கமைக்கப்பட்ட குரூப் ஏ பணியாக ஏற்க வேண்டும் என்பது கோரிக்கை. 2015-ல் டெல்லி உயர் நீதிமன்றமும் 2019 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமும் அவர்கள் பக்கம் தீர்ப்பளித்தன. பதவி கிடைக்காவிட்டாலும் அதற்குரிய ஊதிய நிலை கிடைக்க வழி பிறந்தது. பதவி விதிகள் மட்டும் மாறவில்லை. மறுபடியும் வழக்கு. 2025 மே 23 அன்று உச்ச நீதிமன்றம், எல்லா வகையிலும் இவை ஒழுங்கமைக்கப்பட்ட பணிகளே என்றது. 2021-லேயே முடிந்திருக்க வேண்டிய பணியிட மறுஆய்வை ஆறு மாதத்தில் முடிக்கவும், ஐ.ஜி. நிலை வரையிலான அயல்பணி இடங்களை இரண்டு ஆண்டுக்குள் படிப்படியாகக் குறைக்கவும் உத்தரவிட்டது.

உழைத்தவருக்கு உரிய படி வேண்டும் என்ற இந்தக் கோரிக்கை நியாயமானது. நாம் அதை ஆதரிக்கிறோம். ஆனால், மேலே இடங்கள் திறக்கும்போது ஏறிப்போகிறவர் யார் என்றும் கேட்க வேண்டியிருக்கிறது.

விதி இதுதான். உதவி கமாண்டன்ட் என்பது குரூப் ஏ-யின் முதல் படி. அந்தப் படிவரை பட்டியல் சாதியினருக்கு 15 விழுக்காடும் பழங்குடியினருக்கு 7.5 விழுக்காடும் ஒதுக்கீடு உண்டு. நேரடித் தேர்வுக்கும் பொருந்தும். கீழிருந்து பதவி உயர்வில் வருவோருக்கும் பொருந்தும். அதற்கு மேல், தெரிவு முறையில் நடக்கும் பதவி உயர்வில் ஒதுக்கீடு இல்லை. கமாண்டன்ட், டி.ஐ.ஜி., ஐ.ஜி. என்று அதிகாரம் கூடக் கூட நமக்கான பாதுகாப்பு இல்லாமல் போகிறது. யாரை எங்கே பணியமர்த்துவது, யாருக்கு நற்சான்று எழுதுவது, யார் மீது விசாரணை வைப்பது என்பதை எல்லாம் தீர்மானிக்கும் இடங்கள் அவை.

அரசமைப்பு இதற்கு வழி விடவில்லையா? விட்டிருக்கிறது. 1995-ல் 77-வது திருத்தத்தின் மூலம் 16(4ஏ) பிரிவு சேர்க்கப்பட்டது. பதவி உயர்விலும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு ஒதுக்கீடு தர அது அரசுக்கு அதிகாரம் அளிக்கிறது. போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்குப் புள்ளிவிவரம் வேண்டும் என்று 2006-ல் நாகராஜ் வழக்கில் உச்ச நீதிமன்றம் நிபந்தனை வைத்தது. அந்தக் கணக்கைப் பணிநிலை வாரியாக எடுக்க வேண்டும் என்று 2022-ல் ஜர்னைல் சிங் வழக்கில் தெளிவுபடுத்தியது. ஆக, கணக்கு இல்லாமல் உரிமை இல்லை. கணக்கெடுக்க வேண்டியதோ அரசு.

எல்லையைக் காக்கும் இடத்தில் சாதிக் கணக்கா என்று சிலர் முகம் சுளிக்கலாம். பயிற்சியும் குண்டடியும் எல்லோருக்கும் ஒன்றுதான். பதவி மட்டும் ஏன் ஒரு படியோடு நின்றுபோக வேண்டும்? அண்ணல் அம்பேத்கரின் தந்தை இராம்ஜி சக்பால் பிரிட்டிஷ் இந்தியப் படையில் சுபேதாராக இருந்தவர். பின்னாளில் அதே அரசு, மகர்களைப் படையில் சேர்ப்பதையே நிறுத்தியது. வீரம் இருந்தும் கதவை அடைத்த வரலாறு நமக்குப் புதிதில்லை.

மாணவர்களுக்கும் ஒரு சொல். மத்தியப் படைகளின் காவலர் தேர்வை 2024 முதல் தமிழிலும் எழுத முடிகிறது. உதவி கமாண்டன்ட் தேர்வில் அந்த வசதி இல்லை, இந்தியும் ஆங்கிலமும்தான். கடைநிலைக்கு நம் மொழி போதும், அதிகாரிக்குப் போதாது என்பது என்ன நியாயம்? மாற்றம் வரும்வரை காத்திருக்கவும் வேண்டாம். பட்டம் பெற்றவர்கள் இத்தேர்வை எழுதலாம். பொது வயது வரம்பு 25. பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு ஐந்து ஆண்டு தளர்வு உண்டு, தேர்வுக் கட்டணமும் கிடையாது. காவலர் தேர்வுக்குத் தயாராகும் பட்டதாரிகள் இதற்கும் விண்ணப்பிக்க வேண்டும்.

நம் கோரிக்கை எளியது. பணியிட மறுஆய்வில் எத்தனை பதவிகள் என்று எண்ணும் உள்துறை அமைச்சகம், ஒவ்வொரு பதவி நிலையிலும் பட்டியல் சாதியினர் எத்தனை பேர், பழங்குடியினர் எத்தனை பேர் என்றும் எண்ணி வெளியிட வேண்டும். நம் மக்களவை உறுப்பினர்கள் இதை நாடாளுமன்றத்தில் கேள்வியாக எழுப்ப வேண்டும். புதிய பதவி உயர்வு விதிகள் எழுதப்படும்போதே 16(4ஏ) அதில் இடம்பெற வேண்டும். விதி எழுதி முடித்த பிறகு போனால், நாம் இன்னொரு பதினைந்து ஆண்டு நீதிமன்ற வாசலில் நிற்க வேண்டியிருக்கும்.